பேரீச்சம்பழத்துக்குப் போகாத பெட்டி

சாமி,

ஞாயிற்றுக்கிழமை பெங்களூரிலிருந்து போன் செய்து மூன்று காரியம் சொன்னாய். மாடி அறைக்குப் பெயின்ட் அடிக்க வேண்டும். அங்கே இருக்கும் குண்டு டிவியையும் பழைய கேம் பெட்டியையும் கல்யாணத்துக்கு முன்னால் பழைய இரும்புக்காரரிடம் போட்டுவிட வேண்டும். நீ வாங்கி அனுப்பிய புதுப் பெட்டியில் விளையாட நான் பழகிக்கொள்ள வேண்டும். பெயின்ட் அடித்தாயிற்று. டப்பாவில் யானைத் தந்த நிறம் என்று போட்டிருந்தது. சுவரில் முந்தாநாள் மோர் மாதிரி வந்திருக்கிறது. உன் கல்யாணம், உன் அறை, நான் ஒன்றும் சொல்லவில்லை. மற்ற இரண்டையும் நான் செய்யப்போவதில்லை. இதைப் போனிலேயே சொல்லியிருக்கலாம். போனில் நான் இரண்டாவது வாக்கியத்துக்கு வருவதற்குள் உனக்கு மீட்டிங் வந்துவிடும். கடிதத்தை நீ பாதியில் மூடிவைத்தாலும் அது மிச்சத்தைச் சொல்லக் காத்திருக்கும்.

அந்தப் பெட்டி நம் வீட்டுக்கு வந்தது உனக்கு நினைவிருக்கும். நீ ஆறாவது படித்துக்கொண்டிருந்தாய். ஒரு லாரிக்கு பாடி கட்டி முடித்து, அதைச் சேலத்தில் ஒப்படைத்துவிட்டு வந்த உன் அப்பா, கையில் பெட்டியோடும் ஒரு கட்டு சிடியோடும் இறங்கினார். ஒன்றைத் தவிர எல்லா சிடியிலும் துப்பாக்கி. அந்த ஒன்றில் ஒரு ஆறு, ஒரு படகு, படகில் இரண்டு பேர். ஒருவருக்குத் தொப்பி, ஒருத்திக்குச் சடை. திரையில் வரும் எழுத்து ஜப்பானியம் என்று நீ சொன்னாய், சீனம் என்று உன் அப்பா சொன்னார், எனக்கு இரண்டும் தெரியாததால் நடுநிலை வகித்தேன். கதையை நாமே வைத்துக்கொண்டோம். தொப்பியும் சடையும் எங்கிருந்தோ வருகிறார்கள், ஆறு முடிகிற இடத்துக்குப் போகிறார்கள், அவ்வளவுதான். தொப்பி நீ, சடை நான். நான் கல்லூரி நூலகத்திலிருந்து வந்து சேலை மாற்றுவதற்குள் நீ இரண்டு ரிமோட்டையும் ஒயர் பிரித்து வைத்திருப்பாய். நான் படித்த புத்தகங்களில் எத்தனையோ ஆறுகள் உண்டு. எதிலும் நான் துடுப்புப் போட்டதில்லை.

பெட்டியின் தொண்டைக் கோளாறு தொடங்கியது அடுத்த ஆயுதபூஜையில். பட்டறைக்காரர் வீட்டில் மோட்டார் உள்ள எதுவும் அன்றைக்குப் பொட்டில்லாமல் இருக்கக்கூடாது. உன் அப்பா சந்தனக் கிண்ணத்தோடு புறப்பட்டால் வெல்டிங் மிஷின், ட்ரில்லிங் மிஷின், மொபெட், மிக்ஸி, கிரைண்டர், உன் பரீட்சைப் பலகை வரைக்கும் வரிசையாக நெற்றி நனையும். பரீட்சைப் பலகையில் மோட்டார் கிடையாது. ஆனால் அதுதான் ஓட வேண்டிய வண்டி என்பது அவர் கட்சி. கடைசியில் கேம் பெட்டிக்கு வந்தார். மூடியைத் திறந்தார். உள்ளே லென்ஸ் அவரைப் பார்த்தது.

"நெத்தி எதுன்னு தெரியல. கண்ணு மாதிரி ஒண்ணு இருந்துச்சு, அதுலயே வெச்சுட்டேன்" என்றார்.

நீ அழுதாய். "அழுவாத சாமி. சந்தனம் வெச்சுக் கெட்டுப்போன வண்டி இந்த நாமக்கல்லுல உண்டா, சொல்லு பாக்கலாம்" என்று அவர் உன்னைத் தேற்றினார். பஞ்சு வைத்துத் துடைத்தோம். ஓடியது. ஆனால் அன்றிலிருந்து எந்த சிடியைப் போட்டாலும் மேடையேறிய பேச்சாளர் மாதிரி சற்று நேரம் கனைத்துவிட்டுத்தான் தொடங்குகிறது. அந்தக் கனைப்புக்கு உன் தலைமுறை வைத்த பெயர் பழுது. எனக்கு அது வீட்டில் ஆள் இருக்கிற சத்தம்.

பத்தாவது முடிந்ததும் நீ ஹாஸ்டல் பள்ளிக்கூடத்துக்குப் போனாய். நம் மாவட்டத்தில் முட்டையும் மதிப்பெண்ணும் ஒரே முறையில் உற்பத்தியாகின்றன: நீளமான கொட்டகை, அணையாத விளக்கு, நேரத்துக்குத் தீனி, எந்நேரமும் எடை. இதைக் குறையாகச் சொல்லவில்லை. முட்டையும் நன்றாகத்தான் இருக்கிறது, நீயும் நன்றாகத்தான் வந்திருக்கிறாய். ஆனால் நீ பெட்டி கட்டிய அன்று தொப்பியும் சடையும் கடைசிக் கட்டத்தில் நின்றிருந்தார்கள். ஆற்றுக்குக் குறுக்கே ஒரு அணை, அதில் ஒரே ஒரு பெரிய கதவு, இரண்டு ஓரத்திலும் ஒவ்வொரு சக்கரம். இருவரும் கரையேறி, ஆளுக்கொரு சக்கரத்தைச் சுற்றினால் கதவு எழும்ப வேண்டும். நமக்கு ஒருநாளும் எழும்பவில்லை. கொஞ்சம் எழும்பி, சாய்ந்து, சிக்கி, திரும்பக் கீழே விழும். "இது மேட்டூருதான் போ" என்று உன் அப்பா தீர்ப்புச் சொன்னார். அணை என்றால் கேட்டவுடன் திறக்காது என்பது இந்தப் பக்கத்தில் பிறந்தவர்களுக்குப் புதிய செய்தி அல்ல. "லீவுக்கு வந்து திறக்கலாம்மா" என்று நீ சொல்லிவிட்டுப் போனாய். லீவுக்கு வந்தபோது உனக்கு வேறு விளையாட்டுகள் வந்திருந்தன. மெமரி கார்டில் படகு கரையில் கட்டியபடியே கிடந்தது.

ஓய்வு பெற்ற பிறகு நான் அதை அவிழ்த்தேன். நூலகத்திலிருந்து ஓய்வு பெறுபவர்கள் இனி நிறையப் படிக்கலாம் என்று ஊரே வாழ்த்தியது. வேலையில் இருந்தபோது நான் வேறு என்ன செய்தேன் என்று அவர்கள் நினைத்தார்களோ தெரியவில்லை. ஆறு முழுவதையும் முதலிலிருந்து தனியாகவே ஓட்டினேன். தொப்பி சும்மா உட்கார்ந்து வந்தது, படகு ஒரு பக்கமாக இழுத்தது, ஆனாலும் வந்து சேர்ந்தேன். அணையில் மட்டும் ஒற்றை ஆளாக ஒன்றும் செய்ய முடியாது. இரண்டாவது ரிமோட்டைத் தரையில் வைத்துக் கால் கட்டைவிரலால் சுற்றிப் பார்த்தேன். உன் பெரியத்தை அந்த நேரம் பார்த்து மாடியேறி வந்து, எனக்கு வலிப்பு என்று நினைத்துச் சாவிக்கொத்தைக் கையில் திணித்தார். பிறகு உன் அப்பாவை உட்கார வைத்தேன்.

"ஏனுங்க, வேகமாச் சுத்தறீங்க."

"பின்ன? லோடு நிக்குதுல்ல புள்ள?"

"என்ற பக்கம் இன்னும் பாதிகூட வல்லீங்க. கதவு சாயுது பாருங்க."

"அப்ப உன்ற சக்கரத்துக்குக் கிரீஸ் வெய்யி. இதுல ஹாரன் எந்தப் பட்டன்?"

சிக்கல் என்னவென்று அன்றைக்குத்தான் எனக்குப் புரிந்தது. இடப்பக்கச் சக்கரம் கனமானது. எவ்வளவு சுற்றினாலும் மெதுவாகத்தான் ஏறும். வலப்பக்கம் லேசு. லேசான பக்கம் இருப்பவர் முந்திக்கொண்டால் கதவு சாய்ந்து சிக்கிவிடும். தொப்பிக்கு எப்போதும் வலப்பக்கம். நீயும் முந்தினாய், உன் அப்பாவும் முந்தினார். அவரிடம் இதைச் சொன்னபோது, "நான் என்ன பண்றது, சுத்துனா சுத்துது" என்றார். அதற்கு மேல் அவரை வைத்து அணை திறக்க முடியாது என்று முடிவு செய்தேன்.

இந்த நிலையில்தான் உன் புதுப் பெட்டி வந்தது. "பழைய கேமும் ஓடும்மா, அட்டையிலேயே போட்டிருக்கான் பாருங்க" என்றாய். போட்டிருந்தான். சிடியை நுழைத்தேன். கனைப்பு இல்லை, ஒன்றும் இல்லை, சத்தமே இல்லாமல் விழுங்கியது. பிறகு இந்தத் தட்டைப் படிக்க முடியாது என்று மரியாதையாக ஆங்கிலத்தில் சொல்லி வெளியே நீட்டியது. நானும் உன் அப்பாவும் சிடியை எடுத்துக்கொண்டு சேலத்தில் இந்தப் பெட்டிகள் விற்கும் கடைக்கே போனோம். கடைக்காரத் தம்பிக்கு உன் வயதுதான் இருக்கும்.

"இது ரொம்பப் பழசுங்கம்மா. பழைய கேமு ஓடும்னா, இதுக்கு முந்தின பொட்டியோட கேமு மட்டுந்தாங்க. அதுக்கும் முந்தினது ஓடாதுங்க."

"அப்பனத் தெரியும், தாத்தனத் தெரியாதுங்கறீங்க" என்றார் உன் அப்பா.

"அப்படித்தானுங்க."

"குலதெய்வக் கோயிலு கேட்டாச் சொல்லுமா?"

தம்பி சிரித்துவிட்டு வம்சத்தை விளக்கினான். நம் பெட்டி, அதற்கு முந்தைய பெட்டியின் சிடிகளையும் ஓட்டும். நமக்கு அடுத்து வந்த பெட்டியும் முதலில் நம்முடையதை ஓட்டியதாம், அதன் வயிற்றுக்குள் நம் பெட்டியின் சிப் ஒன்றையே வைத்திருந்தார்களாம். பிறகு விலையைக் குறைப்பதற்காக அதை எடுத்துவிட்டார்களாம். எடுத்ததைப் புதிய மாடல் என்று விற்றார்களாம். அடுத்த பெட்டிக்குப் பழையவர்கள் யாரையுமே தெரியாது. இதோ, இப்போது வந்திருப்பதற்குத் தன் தகப்பனை மட்டும் தெரியும். "ஆனா பேரு வாங்கின பழைய கேமெல்லாம் திரும்பப் புதுசா விக்கறாங்கம்மா, ஆன்லைன்ல வாங்கிக்கலாம்" என்று ஆறுதல் சொன்னான். ஏற்கெனவே வாங்கியதை மறுபடி வாங்குவதற்குப் பெயர் வசதி. நம் படகு அந்தப் பட்டியலில் இல்லை. அது பேர் வாங்காத ஆறு.

உன் அப்பாவுக்கு இது கடைசி வரை பிடிபடவில்லை. அவர் தொழிலில், சேசிஸ் எந்தக் காலத்தியதாக இருந்தாலும் பட்டறைக்குள் வந்துவிட்டால் அதற்கு ஒரு பாடி உண்டு. போல்ட் ஓட்டை பொருந்தாவிட்டால் நடுவில் ஒரு பட்டையை வைத்து வெல்டு அடிப்பார். "'உன்ற வண்டி பழைய தலைமுறை, போய் வேற வாங்கிட்டு வா'ன்னு நான் ஒருத்தங்கிட்டச் சொன்னா, அவன் என்னைய என்ன சொல்லுவான்?" என்று பஸ்ஸில் வரும்போது கேட்டுக்கொண்டே வந்தார். எனக்கும் அப்படித்தான். என் நூலகத்தில் நூற்றாண்டு கடந்த புத்தகங்கள் இருந்தன. நேற்றுப் பிறந்த பிள்ளையும் எடுத்துப் பிரிக்கலாம்; உன் கண் வேறு மாடல் என்று எந்தப் புத்தகமும் மூடிக்கொண்டதில்லை. செய்ய முடியாததைச் செய்யவில்லை என்று ஒருவர் சொன்னால் ஏற்றுக்கொள்ளலாம். முடிந்ததை, செய்தும் காட்டியதை, பிறகு எடுத்துவிட்டார்கள் பார், அதைத்தான் நான் ஏற்றுக்கொள்வதாக இல்லை.

ஊருக்கு வந்ததும் பழைய பெட்டியைப் பழுது பார்ப்பவரிடம் காட்டினேன். மூடியைத் திறந்து பார்த்து, "லென்ஸ் போச்சுங்கக்கா. எப்ப நிக்கும்னு சொல்ல முடியாது. மாத்தப் பொருளும் வர்றதில்ல" என்றார். ஆக, நிலவரம் இதுதான். படகு இந்த ஒரு பெட்டியில்தான் ஓடும். பெட்டி எந்த நாளும் நின்றுவிடும். நின்றால் நாம் வந்த ஆறு முழுவதும், கட்டிய படகோடு, யாரும் திறக்க முடியாத ஒரு பிளாஸ்டிக் வில்லைக்குள் இருக்கும். அதற்கு முன்னால் அந்தக் கதவைத் திறந்துவிட வேண்டும் என்று நான் முடிவு செய்திருந்தேன். அந்த வாரம்தான் நீ இரும்புக்குப் போடச் சொன்னாய். சொன்னதோடு நிற்காமல் அங்கிருந்தே செல்போனில் ஏற்பாடு செய்து, புதன்கிழமை காலை ஒரு மூன்று சக்கர வண்டிக்காரரை நம் வாசலுக்கே அனுப்பியும்விட்டாய். காரியத்தில் உனக்கு இருக்கும் சுறுசுறுப்பு எனக்குத் தெரியும். வலப்பக்கச் சக்கரத்தில் அதைப் பார்த்திருக்கிறேன்.

அவர் வாசலில் வண்டியை நிறுத்திய அதே நேரத்தில் நீ கட்டிக்கொள்ளப்போகும் நிவேதாவின் ஸ்கூட்டர் வந்து நின்றது. அயோத்தியாப்பட்டணத்திலிருந்து, அவள் அப்பா தோட்டத்து மாம்பழங்களை முன்னால் வைத்துக்கொண்டு, தனியாக ஓட்டி வந்திருக்கிறாள். உனக்குச் சொல்லவில்லையாம். கேட்டுக்கு வெளியிலேயே நின்றாள்.

"உள்ள வரக்கூடாதுன்னு அம்மா சொல்லித்தான் அனுப்பிச்சாங்க அத்தை. பழத்தை மட்டும் வாங்கிக்கோங்க."

"அதெல்லாம் ஆரு பாக்கறா, வா சாமி" என்றார் உன் அப்பா.

"நான் பாக்கறேன்" என்றார் உன் பெரியத்தை, படியில் உட்கார்ந்தபடி. "கண்ணாலத்துக்கு முன்னால பொண்ணு மாப்ள ஊட்டு வாசப்படி மிதிக்கறதா? கலி முத்திப்போச்சா?"

இரும்புக்காரர் இடையில் புகுந்தார். "அக்கா, பொட்டியும் டிவியும் எங்கீங்க? எனக்கு இன்னும் நாலு ஊடு இருக்குதுங்க."

"என்ன பெட்டி அத்தை?" என்று கேட்டாள் நிவேதா. சொன்னேன். ஆறு, படகு, அணை, தொப்பி, உன் ஞாயிற்றுக்கிழமை உத்தரவு எல்லாம் கேட்டின் இந்தப் பக்கம் நின்று சொன்னேன். அவள் ஹெல்மெட்டைக் கழற்றவே மறந்து கேட்டுக்கொண்டிருந்தாள். "போடுறதுக்கு முன்னாடி நான் ஒரு தடவை ஆடிப் பார்க்கட்டுமா? ரெண்டாவது ஆளுதானே வேணும்?" என்றாள். பெரியத்தை படியை விட்டு அசையவில்லை. பெண் உள்ளே வரக்கூடாது. டிவி வெளியே வரக்கூடாது என்று எந்தச் சாத்திரத்திலும் நான் படித்ததில்லை.

பட்டறை ஆட்கள் மாடியேறிக் குண்டு டிவியை இறக்கினார்கள். அதன் கனத்துக்கு அவர்கள் சொன்ன வார்த்தைகளை இங்கே எழுத முடியாது. வாசலை ஒட்டிய பட்டறையில் பாதி கட்டிய ஒரு லாரி நின்றது. பலகை மட்டும் அடித்திருந்தது, பக்கச்சுவர் இன்னும் வரவில்லை. அதன் மேல் டிவியை வைத்து, எதிரே ஆளுக்கொரு ஸ்டூல் போட்டு, நானும் உன் வருங்கால மனைவியும் ஏறி உட்கார்ந்தோம். கரன்ட் வெல்டிங் மிஷின் இருக்கும் லைனிலிருந்து. பெட்டி கனைத்தது. நெடுநேரம் கனைத்தது. நின்றே போய்விட்டது என்று நான் நினைத்தபோது ஆறு வந்தது. அணைக்கரையில் இருவரும் ஏறினார்கள். அந்த நேரம் பார்த்து ஒருவன் பின்பக்கம் வெல்டு வைக்க, திரை சுருங்கி விரிந்து, தொப்பி பாதி உடம்பாக நின்றது.

"வெல்டிங்க நிறுத்துங்கடா! இங்க அணை தொறக்கப் போவுது!" என்று உன் அப்பா போட்ட சத்தத்தில் பட்டறை முழுக்க ஓய்ந்தது. அவர் வாழ்நாளில் வேலை நேரத்தில் வேலையை நிறுத்தச் சொல்லி நான் கேட்டது அதுதான் முதல்முறை. எல்லாரும் லாரியைச் சுற்றி வந்து நின்றார்கள். இரும்புக்காரர் தன் வண்டி மேலேயே ஏறி நின்றுகொண்டார்.

முதல் முறை அவளும் முந்தினாள். கதவு சாய்ந்தது, விழுந்தது. "இடது பக்கம் கனமா அத்தை?" என்றாள். ஆமாம் என்றேன். "அப்ப நீங்க பேசிக்கிட்டே சுத்துங்க. எனக்கு உங்க கையைப் பார்த்தா லேட்டாகுது, குரலைக் கேட்டா சரியா வரும்." நான் என்ன பேசுவது? மாம்பழம் என்ன ரகம் என்று கேட்டேன். அவள் சொன்னாள். இந்த வருடம் காய்ப்பு எப்படி என்றேன். சொன்னாள். நான் நிறுத்திய இடத்தில் நிறுத்தினாள், தொடங்கிய இடத்தில் தொடங்கினாள். லேசான சக்கரத்தைக் கையில் வைத்துக்கொண்டு, சுற்றினால் சுற்றும் என்று தெரிந்தும், எனக்காக அவள் காத்திருந்தாள். கதவு சாயாமல் ஏறியது. சுற்றி நின்றவர்கள் பலகையை நெருங்கி வந்தார்கள். பெரியத்தைகூடப் படியிலிருந்து எழுந்து, "ஆத்தீ, போவுது போவுது, உட்றாத சாமி" என்றார். என்னைச் சொன்னாரா நிவேதாவையா என்று தெரியவில்லை.

கதவு திறந்தது.

அதற்கு அப்பால் என்ன இருந்தது என்பதை நான் எழுதப்போவதில்லை. நிவேதாவுக்குத் தெரியும். உன் அப்பாவுக்கும் பெரியத்தைக்கும் தெரியும். வெல்டர், பெயின்டர், ஆணி அடிக்கும் ஆட்கள் எல்லாருக்கும் தெரியும். இரும்புக்காரருக்கும் தெரியும். குடும்பத்தில் உனக்கு மட்டும்தான் தெரியாது. யாரும் உனக்குச் சொல்வதில்லை என்று அந்த லாரிப் பலகை மேலேயே பேசி முடித்துவிட்டோம். நிவேதாவிடம் கேட்டுப் பார்த்து நேரத்தை வீணாக்காதே. அவள் பொறுமையை நான் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தவள்.

கடைசியில் இரும்புக்காரர் இறங்கி வந்து, "அக்கா, போடறீங்களா, இல்லீங்களா?" என்றார். "இல்லீங்க" என்றேன். "நானும் அதத்தானுங்க சொல்லலாம்னு இருந்தேன்" என்றார். வந்தவரை வெறும் வண்டியோடு அனுப்புவது முறையல்ல என்பதால், உன் புதுப் பெட்டி வந்த அட்டையை மடித்துக் கொடுத்தேன். பழைய கேமும் ஓடும் என்று போட்டிருந்த அட்டைதான். நல்ல கனமான அட்டை என்று பாராட்டினார். புதுப் பெட்டி பத்திரமாக இருக்கிறது. நீ வரும்போது எடுத்துப்போ. அதற்கும் ஒருநாள் அடுத்த பெட்டி வரும், அப்போது உனக்கு என் ஞாபகம் வரும்.

குண்டு டிவி மறுபடி மாடிக்கே போய்விட்டது. வெளியே போய் வந்தது என்பதற்காகப் பெரியத்தை அதற்கு ஆரத்தி சுற்றித்தான் உள்ளே விட்டார். உன் மோர் நிறச் சுவரை ஒட்டி, கட்டிலுக்கு நேர் எதிரே, பெட்டியோடு வைத்திருக்கிறேன். அது அங்கேதான் இருக்கும். அதைப் பற்றி இனிமேல் பேச்சு இல்லை. லென்ஸ் எத்தனை நாள் தாங்கும் என்று தெரியாது. அது தாங்குகிற வரை நான் அதைத் தாங்குவேன். உன் அப்பா வேறு, வெளிநாட்டிலிருந்து யாராவது ஒரு பழைய பெட்டி கொண்டு வந்தால் இதன் உள்ளிருப்பதை அதில் ஏற்றி, நடுவில் ஒரு பட்டை வைத்து வெல்டு அடித்துவிடலாம் என்ற யோசனையில் இருக்கிறார். அவரைத் தடுக்கும் பொறுப்பை மட்டும் உன்னிடம் விடுகிறேன்.

அணைக்கு முன்னால் நீ விட்டுவிட்டுப் போன இடத்தை மெமரி கார்டில் அழிக்காமல் அப்படியே வைத்திருக்கிறேன். கல்யாணம் முடிந்து, விருந்து முடிந்து, சொந்தக்காரர்கள் எல்லாம் பஸ் ஏறிய பிறகு, இரண்டு பேரும் மாடிக்குப் போங்கள். பெட்டி கனைக்கும், அவசரப்படாதே. அவளுக்கு லேசான பக்கம் பழகிவிட்டது, அதை அவளிடமே விட்டுவிடு. இந்த முறை இடப்பக்கச் சக்கரம் உன்னுடையது. கனமாகத்தான் இருக்கும். அவள் காத்திருப்பாள்.

அம்மா